கடைமடையிலிருந்து தொடங்குங்கள்: காவிரி டெல்டாவில் சுற்றுச்சூழல் ஆவணப்படம் எடுக்க வருவோருக்கு

கல்லணையில் தண்ணீர் திறக்கும் நாளில் போய்ப் பாருங்கள். அமைச்சர்கள், ஆட்சியர்கள், மலர்த் தட்டுகள், நெல் தூவும் கைகள், அவற்றைச் சுற்றிக் கேமராக் கூட்டம். மாலைக்குள் எல்லாத் தொலைக்காட்சிகளிலும் ஒரே காட்சி ஓடிவிடும். அந்தக் கூட்டத்தில் இன்னொரு கேமராவாக நிற்பதில் புதியவருக்கு எந்த லாபமும் இல்லை. அதே தண்ணீர் தலைஞாயிறுக்கோ தில்லைவிளாகத்துக்கோ எந்த நாளில் வந்து சேர்கிறது, வந்து சேர்கிறதா என்று பார்க்க அங்கே யாரும் கேமராவோடு காத்திருப்பதில்லை. டெல்டாவில் சுற்றுச்சூழல் ஆவணப்படத்தைத் தொழிலாக எடுத்துக்கொள்ள நினைப்பவர் போய் நிற்க வேண்டிய இடம், பாசனத் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் அந்தக் கடைமடைதான். கீழே வரும் எல்லா யோசனைகளும் கடைமடையில் நிற்கப் போகும் ஒருவருக்காகச் சொல்லப்படுபவை.

ஒரு வாய்க்காலைப் பிடியுங்கள்

"காவிரியைப் பற்றி ஒரு படம்" என்று வருகிறவர்களிடம் நான் கேட்பது, எந்த வாய்க்கால் என்பதைத்தான். முக்கொம்பில் கொள்ளிடம் பிரிகிறது. கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று தண்ணீர் பங்கிடப்படுகிறது. மிஞ்சும் வெள்ளம் கொள்ளிடத்துக்குப் போகிறது. அதற்குக் கீழே குடமுருட்டி, அரசலாறு, வீரசோழன், வெட்டாறு, பாமணியாறு, கோரையாறு என்று விரல் விரலாகப் பிரிந்து, ஒவ்வொன்றிலிருந்தும் ஏ, பி, சி, டி என்று படிப்படியாகச் சிறுத்துக்கொண்டே வாய்க்கால்கள் கிளைக்கின்றன. முதல் படத்துக்கு ஒரு 'சி' வாய்க்கால் போதும், 'டி' வாய்க்கால் இன்னும் நல்லது. தலைப்பிலிருந்து கடைசி வயல் வரை ஒரே நாளில் நடந்து முடிக்கக்கூடிய நீளம் இருந்தால் சரி.

அதை உண்மையிலேயே நடந்து பாருங்கள், கேமரா இல்லாமல். எந்த மதகின் பலகை உடைந்திருக்கிறது, எங்கே ஆகாயத்தாமரை அடைத்திருக்கிறது, எந்த ஊரின் குப்பை கரையில் கொட்டப்படுகிறது, எங்கே நெல் வயல் முடிந்து இறால் குட்டை தொடங்குகிறது என்று நோட்டில் எழுதுங்கள். வழியில் பாசனப் பிரிவின் லஸ்கரைச் சந்திப்பீர்கள். மதகை ஏற்றி இறக்கும் அந்த மனிதருக்கு யார் இரவில் வந்து பலகையைத் தூக்குகிறார்கள் என்பது வரை தெரியும். பொறியாளரைப் பார்ப்பதற்கு முன்னால் அவரைப் பாருங்கள். அவர் பேசத் தயங்குவார். அரசுப் பணியாளர் என்பதால் கேமரா முன்னால் பேசாமலே போகலாம். பரவாயில்லை. அவரோடு மதகடியில் தேநீர் குடிக்கும் பொழுதில் கற்பதைப் படத்தில் வேறு வழியில் கொண்டுவரலாம்.

வாய்க்கால் பிடிக்கவில்லை என்றால் கரையோரம் போகலாம். முத்துப்பேட்டை அலையாத்திக் காடு, கோடியக்கரையின் பூநாரைகளும் வெளிமான்களும், வேதாரண்யத்தின் உப்பளங்கள், கொள்ளிடத்தின் முகத்துவாரத்தில் உள்ளே ஏறும் கடல்நீர், 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் சாய்த்த பட்டுக்கோட்டை, பேராவூரணித் தென்னந்தோப்புகள் இன்று எப்படி இருக்கின்றன என்பது என்று பொருளுக்குப் பஞ்சமில்லை. ஆனால் எதை எடுத்தாலும் மூன்று கேள்விகளுக்குப் பதில் வேண்டும். ஓர் ஆண்டுக்குள் கண்ணால் பார்க்கக்கூடிய மாற்றம் அதில் நடக்குமா? அந்த மாற்றத்தால் ஆதாயமோ இழப்போ அடையும் ஒருவரை நீங்கள் பெயர் சொல்லி அழைக்கும் அளவுக்கு அறிவீர்களா? உங்கள் வீட்டிலிருந்து அங்கே போய்வர ஆகும் பெட்ரோல் செலவை ஓர் ஆண்டுக்குத் தாங்குவீர்களா? மூன்றாவது கேள்வியில்தான் பெரும்பாலான படங்கள் நின்றுபோகின்றன.

முன்கதை தெரியாமல் கேமராவைத் தூக்காதீர்கள். டெல்டாக்காரர்கள் அரசியல் தெரிந்தவர்கள். வந்தவருக்கு விஷயம் தெரியாது என்பதை இரண்டாவது கேள்வியிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள். 1990இல் அமைந்த காவிரி நடுவர் மன்றம், 2007இல் வந்த அதன் இறுதித் தீர்ப்பு, 2018இல் உச்ச நீதிமன்றம் செய்த திருத்தம், அதே ஆண்டில் அமைந்த காவிரி மேலாண்மை ஆணையம் ஆகியவை அடிப்படைப் பாடம். கடலோர இறால் பண்ணைகளுக்கு எதிராக காந்தியவாதி ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில் 1996 டிசம்பரில் வந்த தீர்ப்பைத் தெரிந்துகொள்ளாமல் நாகை, சீர்காழிக் கடற்கரையில் இறால் குட்டையைப் படமெடுப்பது வீண். மீத்தேன், ஹைட்ரோகார்பன் எதிர்ப்பு, 2017இல் நெடுவாசலிலும் கதிராமங்கலத்திலும் நடந்த போராட்டங்கள், 2020இல் வந்த பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் ஆகியவை அடுத்த பாடம். இயற்கை வேளாண்மையின் முன்னோடி நம்மாழ்வார் 2013இன் கடைசியில் இறந்தது பட்டுக்கோட்டை அருகே அத்திவெட்டியில், மீத்தேனுக்கு எதிராக ஊர் ஊராகப் பேசிக்கொண்டிருந்த நாட்களில்தான். பல ஊர்களில் அவரை நேரில் கேட்டவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்களே உங்களுக்கு நல்ல ஆசிரியர்கள்.

ஆற்றின் காலண்டரும் கல்யாணக் காலண்டரும்

இது யாரும் எழுதிவைக்காத சங்கதி, அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். டெல்டாவில் கேமராவால் பிழைப்பவர்களில் பெரும்பாலோர் திருமண வீடியோக்காரர்கள். நீங்களும் முதல் சில ஆண்டுகள் அதில் ஒருவராகத்தான் இருக்கப் போகிறீர்கள்; அதில் வெட்கப்பட எதுவும் இல்லை. முகூர்த்தம் இல்லாத மாதங்களில் அந்த ஊர்க் கேமராக்களும் லென்ஸ்களும் ஆட்களும் சும்மா இருக்கும். அந்த மாதங்களில்தான் டெல்டாவில் படமெடுக்க வேண்டியவை நடக்கின்றன.

ஆடியில் கல்யாணம் இல்லை. அந்த மாதத்தில் ஆற்றில் தண்ணீர் ஓடும், ஆடிப்பெருக்குக்குப் பெண்கள் படித்துறைக்கு வருவார்கள், சம்பாவுக்கு நாற்றங்கால் தயாராகும், கடைமடையில் முறைவைத்துத் தண்ணீர் விடும் முறைப்பாசனச் சண்டை சூடு பிடிக்கும். புரட்டாசியில் பலர் கல்யாணம் வைப்பதில்லை. அப்போது குறுவை அறுவடையாகி, மழை வரும் என்ற அச்சத்தில் நெல் சாலையில் காயும். அரசின் நெல் கொள்முதல் நிலைய வாசலில் மூட்டைகள் தார்ப்பாய்க்குள் காத்திருக்கும். மார்கழியில் கல்யாணம் இல்லை. வடகிழக்குப் பருவமழையின் சேதம் தெரிந்திருக்கும், சம்பா கதிர் வாங்கும், கோடியக்கரையில் வலசைப் பறவைகள் நிறைந்திருக்கும், பங்குனி ஆமைகள் முட்டையிடக் கரைக்கு வரத் தொடங்கும். ஆக, முகூர்த்த மாதங்களில் சம்பாதித்து, முகூர்த்தம் இல்லாத மாதங்களில் படமெடுக்கலாம். வாடகைக் கேமராவும் அப்போது பேரம் பேசிக் கிடைக்கும்; உதவிக்கு வரும் தம்பிகளும் கிடைப்பார்கள்.

மேட்டூர் அணையை ஜூன் 12இல் திறப்பது மரபு. ஆனால் மரபை நம்பித் தேதி குறிக்காதீர்கள். 2022இல் மே 24ஆம் தேதியே திறந்தார்கள். 2024இல் தண்ணீர் இல்லாமல் ஜூலை 28 வரை காத்திருந்தார்கள். இரண்டே நாளில் அணை முழு உயரமான 120 அடிக்கு நிரம்பி உபரி நீர் கொள்ளிடத்தில் பாய்ந்தது. அந்த ஆண்டு ஜூன் மாதத்தில் வறண்ட ஆற்றை மட்டும் எடுத்துவிட்டுப் போனவரின் படம் ஒரு கதை சொல்லும், ஆகஸ்டில் வெள்ளத்தை மட்டும் எடுத்தவரின் படம் வேறு கதை சொல்லும். இரண்டும் அரைக் கதைதான். மேட்டூரில் திறந்த தண்ணீர் கல்லணைக்கு வர மூன்று நான்கு நாள் ஆகும். அங்கிருந்து கடைமடைக்கு ஒரு வாரம், பத்து நாள், முறை வைத்தால் அதற்கு மேலும். திறப்பு விழா முடிந்த பிறகு நீங்கள் சாவகாசமாகப் புறப்பட்டால் போதும், தண்ணீருக்கு முன்னால் கடைமடையில் இருப்பீர்கள்.

மீன்பிடிக் கிராமங்களுக்கு வேறு காலண்டர். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். மீனவர்கள் வலை பின்னிக்கொண்டும் படகைப் பழுதுபார்த்துக்கொண்டும் கரையில் இருப்பார்கள். உட்கார்ந்து பேச அதைவிட நல்ல நேரம் இல்லை. கச்சான், வாடை, கொண்டல் என்று காற்றுக்கு அவர்கள் சொல்லும் பெயர்களை அப்போதே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். காற்று மாறிவிட்டது என்று அவர்கள் சொல்லும்போது எந்தக் காற்று என்று உங்களுக்குப் புரிய வேண்டும்.

படிப்பு

சென்னை தரமணியில் அரசின் எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. புனே, கொல்கத்தாவில் மத்திய அரசின் நிறுவனங்கள் இருக்கின்றன. நுழைவுத் தேர்வில் இடம் கிடைத்தால் போய்ப் படியுங்கள். கிடைக்காவிட்டால் மனம் உடைய வேண்டாம். ஆவணப்படத்தில் கேமராவைவிடப் படத்தொகுப்பு அறையில் கற்பது அதிகம். ஒரு தொகுப்பாளரிடம் உதவியாளராக இருந்து, மற்றவர் எடுத்த மணிக்கணக்கான காட்சியைப் பார்த்து எழுதிவைக்கும் வேலையைச் செய்தால், எதை எடுக்காமல் விட்டார்கள் என்பது தெரியவரும். சூழலியல் அறிவுக்கு ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையம், பரங்கிப்பேட்டையில் உள்ள அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் மையம் போன்ற இடங்களில் மாணவர்களோடு பழகுங்கள். பேராசிரியர்களைவிட ஆய்வு மாணவர்களுக்கு நேரம் இருக்கும், சேற்றில் இறங்கியும் இருப்பார்கள்.

கருவிகள்

சுருக்கமாக முடிக்கிறேன், ஏனென்றால் இதைப் பற்றிப் பேச ஆயிரம் பேர் இருக்கிறார்கள். பழைய மிரர்லெஸ் கேமரா ஒன்று, ஒரு ஜூம் லென்ஸ், உறுதியான ட்ரைபாட் போதும். தண்ணீரின் பளபளப்பைக் குறைக்க லென்ஸில் மாட்டும் போலரைசர் வடிகட்டி வாங்குங்கள். நீருக்குள் இருப்பது அப்போதுதான் தெரியும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் நொடிக்கு 25 ஃபிரேம், 50இல் ஒரு பங்கு ஷட்டர் என்று வைத்துக்கொண்டால் வீட்டுக்குள் குழல்விளக்கு ஒளி துடிக்காது. டெல்டாவின் ஈரத்தில் லென்ஸில் பூஞ்சை பிடிக்கும். காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல் போட்டு வையுங்கள். உப்புக் காற்றில் எடுத்த அன்றே எல்லாவற்றையும் ஈரத் துணியால் துடைத்துக் காய வையுங்கள். எடுத்த காட்சிக்கு மூன்று பிரதி வேண்டும், அதில் ஒன்று வேறு ஊரில் இருக்க வேண்டும். கஜா அடித்தபோது வாரக்கணக்கில் மின்சாரம் இல்லாத ஊர்கள் இருந்தன என்பதை நினைவில் வையுங்கள்.

ஒலிக்கு மட்டும் கஞ்சத்தனம் பார்க்காதீர்கள். வயல்வெளிக் காற்றுக்கு மைக்கின் மேல் ரோம உறை கட்டாயம். பம்புசெட் ஓடும் இடத்தில் பேட்டி எடுக்காதீர்கள். அணைக்கச் சொல்லியும் கேட்காதீர்கள், மும்முனை மின்சாரம் வரும் நேரத்தில் அவர் பாய்ச்சியே ஆக வேண்டும். நீங்கள் தள்ளிப் போய் உட்காருங்கள். இன்னொன்று: ஆடியில் அம்மன் கோயில் ஒலிபெருக்கி, மார்கழி விடியலில் பெருமாள் கோயில் ஒலிபெருக்கி. பக்திப் பாடல்தானே என்று விட்டால், அந்த ஒலிப்பதிவின் உரிமையாளர் இணையத்தில் உங்கள் படத்தின் வருமானத்தைக் கேட்பார், தொலைக்காட்சி நிறுவனம் படத்தை வாங்கவே மறுக்கும். பாட்டு ஓயும் நேரத்தைக் கோயிலில் விசாரித்துக்கொண்டு வாருங்கள். தேநீர்க் கடை வானொலியும் இதே வகைதான்.

அனுமதி வாங்குதல்

பொது இடத்தில் கேமரா வைக்க யாரிடம் கேட்க வேண்டும் என்று சிலர் வாதிடுவார்கள். வாதம் சரியாக இருக்கலாம். ஆனால் உங்கள் ஒரு நாள் படப்பிடிப்பு காவல் நிலையத் திண்ணையில் போய்விடும். அணை, மதகு, ரெகுலேட்டர் ஆகியவற்றுக்கு நீர்வளத் துறையின் செயற்பொறியாளர் அலுவலகத்தில் கடிதம் கொடுத்து, முத்திரையிட்ட நகல் ஒன்றைப் பையில் வைத்திருங்கள். பெரிய கோயில், தாராசுரம் போன்றவை தொல்லியல் துறையின் கையில் இருக்கின்றன. மற்றக் கோயில்களுக்கும் அவற்றின் குளங்களுக்கும் அறநிலையத் துறை.

கோடியக்கரை, வடுவூர், உதயமார்த்தாண்டபுரம் போன்ற சரணாலயங்களில் படமெடுக்க 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் 28ஆம் பிரிவில் அனுமதி வேண்டும். அதைக் கொடுப்பவர் தலைமை வன உயிரினக் காப்பாளர், அலுவலகம் சென்னையில். நாகையில் போய் வனச்சரகரைப் பார்த்துச் சிரித்தால் கிடைத்துவிடாது. மாதங்கள் ஆகலாம் என்று கணக்கிட்டு, மார்கழிப் பறவைக்கு ஆனியிலேயே மனுப் போடுங்கள். ஆமைக் கரையில் வெள்ளை விளக்கு கூடவே கூடாது; முட்டையிட வரும் ஆமை திரும்பிப் போய்விடும், பொரித்த குஞ்சு கடலை விட்டு உங்கள் விளக்கை நோக்கி நடக்கும். வனத்துறைப் பணியாளரோடு மட்டும் போங்கள்.

ட்ரோன் ஆசை எல்லோருக்கும் இருக்கிறது. 2021 விதிகளின்படி 250 கிராம் வரை உள்ளது நானோ, இரண்டு கிலோ வரை மைக்ரோ. நானோவுக்கு விமானிச் சான்றிதழ் வேண்டாம். மைக்ரோவைத் தொழிலுக்காகப் பறக்கவிட்டால் வேண்டும். ஆனால் எடை எதுவானாலும் தடை மண்டலம் தடை மண்டலம்தான். தஞ்சாவூரில் விமானப்படைத் தளம் இருக்கிறது, சுகோய் படைப்பிரிவும் இருக்கிறது. திருச்சியில் விமான நிலையம். பறப்பதற்கு முன், ட்ரோன்களுக்கான அரசு இணையதளமான டிஜிட்டல் ஸ்கையின் வரைபடத்தில் நீங்கள் நிற்கும் இடத்தின் நிறத்தைப் பாருங்கள். எண்ணெய்க் கிணறுகளின் வேலிக்கு மேல் பறக்கவிடுவது வழக்கை வீட்டுக்கு அழைத்து வருவதற்குச் சமம். உண்மையைச் சொன்னால், மேலிருந்து பார்த்த பச்சை வயலை மக்கள் போதும் போதும் என்று பார்த்துவிட்டார்கள். நிலம் எப்படி மாறியது என்று காட்ட, லேண்ட்சாட் செயற்கைக்கோள் 1972 முதல் எடுத்த படங்கள் இலவசமாகக் கிடைக்கின்றன; கடற்கரை உள்வாங்கியதையும் நெல் வயல் இறால் குட்டையானதையும் அவை பல ஆண்டு இடைவெளியில் காட்டும்.

மீனவ ஊர்களில் சட்டத்தைவிட ஊர்ப் பஞ்சாயத்து முக்கியம். பஞ்சாயத்தாரைப் பார்த்து, எதற்காக எடுக்கிறீர்கள், யார் பணம், எங்கே காட்டுவீர்கள் என்று சொல்லாமல் கரையில் கால் வைக்காதீர்கள். அவர்கள் ஒப்புக்கொண்டால் படகிலும் இடம் கிடைக்கும், சாப்பாடும் கிடைக்கும்.

மணல் அள்ளுவதைப் படமெடுக்கப் போகும் துணிச்சல்காரர்களுக்கு: தனியாகப் போகாதீர்கள், இரவில் போகாதீர்கள், எங்கே போகிறீர்கள் என்பதை ஊரில் நம்பிக்கையான ஒருவரிடம் சொல்லாமல் போகாதீர்கள். முதல் படத்துக்கு அந்தப் பொருள் வேண்டாம் என்பதே என் யோசனை. ஆற்றின் மட்டம் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்பதைப் பகலிலேயே பாலத்தின் தூண்களும் படித்துறையின் அந்தரத்தில் நிற்கும் கடைசிப் படியும் சொல்லும்.

யாரிடம் பேசுவது

டெல்டாவைப் பற்றி வந்த படங்களில் பலவும் வேட்டி கட்டிய ஒரு விவசாயி வறண்ட வயலில் நின்று வானத்தைப் பார்ப்பதில் நின்றுவிடுகின்றன. அந்த வயலில் நாற்றுப் பறித்தவர், நட்டவர், களை எடுத்தவர் எங்கே? நிலம் உள்ளவருக்கு நட்டம் என்றால் நிலம் இல்லாதவருக்கு வேலையே இல்லை. 1968இல் கீழ்வெண்மணியில் 44 உயிர்கள் எரிக்கப்பட்ட மண் இது. கூலி, சாதி, நிலம் பற்றிய கேள்வியைத் தவிர்த்துவிட்டு இங்கே சுற்றுச்சூழலைப் பேச முடியாது. தண்ணீர் வராத ஆண்டில் திருப்பூருக்குப் பஸ் ஏறுகிறவர் யார் என்று கேளுங்கள். நடவுக்கு இப்போது மேற்கு வங்கத்திலிருந்து வரும் ஆட்களோடும் பேசுங்கள். அவர்களும் ஏதோ ஓர் ஆற்றங்கரையிலிருந்து வந்தவர்கள்தான். குத்தகைக்காரர், அறுவடை இயந்திரத்தின் ஓட்டுநர், கொள்முதல் நிலையத்தில் மூட்டை தூக்குகிறவர் என்று ஒரே நெல்லைச் சுற்றி எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று எழுதிப் பார்த்தால் படத்துக்குத் தானாக ஓர் உருவம் வரும்.

நடவு செய்கிறவர்கள் பெரும்பாலும் ஏக்கருக்கு இவ்வளவு என்று கொத்தாக வேலை பிடித்திருப்பார்கள். கேமராவுக்காக இன்னொரு முறை நடச் சொன்னால் அவர்கள் காசு போகிறது. ஒன்று, அவர்கள் வேகத்துக்கு நீங்கள் ஓடுங்கள். அல்லது உணவு இடைவேளையில் வரப்பில் உட்கார்ந்து பேசுங்கள். "இதை எடுத்துக்கொண்டு போய் என்ன செய்யப் போகிறாய், தம்பி?" என்று வயதான ஒருவர் கட்டாயம் கேட்பார். அதற்கு நேரான பதில் தயாராக இருக்கட்டும். அரசு உதவி கிடைக்கும் என்று ஒருபோதும் சொல்லாதீர்கள். பணம் கொடுக்கலாமா என்பது பழைய சர்ச்சை. உங்களால் ஒருவருக்கு ஒரு நாள் கூலி போனால் அந்தக் கூலியை எல்லோரும் அறியக் கொடுத்துவிடுங்கள். சொல்லும் சொல்லுக்கு விலை கொடுக்காதீர்கள். இது என் வழக்கம், மாற்றுக் கருத்து உடையவர்களும் உண்டு.

ஒப்புதல் கடிதத்தைத் தமிழில், அரைப் பக்கத்தில் எழுதி, வாய்விட்டுப் படித்துக் காட்டிக் கையெழுத்து வாங்குங்கள். படிக்கத் தெரியாதவராக இருந்தால் அவர் "சரி" என்று சொல்வதையே கேமராவில் பதிவு செய்துகொள்ளலாம். கடன், தற்கொலை போன்றவற்றைப் பேசியவர் மறுநாள் வேண்டாம் என்றால், மறுபேச்சில்லாமல் நீக்கிவிடுங்கள். அழும் முகத்தை நோக்கி ஜூம் செய்யும் பழக்கத்தைத் தொலைக்காட்சிகளிடமே விட்டுவிடுவோம்.

கணக்கு

இந்த வட்டாரத்தில் எண் பிழை இருந்தால் படத்தை ஒருவரும் மதிக்க மாட்டார்கள். டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி. நொடிக்கு 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுவதும் ஓடினால் ஒரு டி.எம்.சி. மேட்டூரின் முழுக் கொள்ளளவு 93.47 டி.எம்.சி. இந்த மூன்றையும் மனத்தில் வைத்திருந்தால், மேடையில் பேசுகிறவர் நீரின் அளவையும் ஓட்டத்தையும் குழப்பும்போது உடனே பிடித்துவிடலாம். கொள்முதலுக்கு 17 சதவீத ஈரப்பதம் என்பது வரம்பு; மழை ஆண்டுகளில் 22 வரை தளர்த்தச் சொல்லி மாநில அரசு டெல்லிக்கு எழுதும். நெல் முளைக்கும் வேகம் கடிதப் போக்குவரத்துக்குக் காத்திருப்பதில்லை, அந்த இடைவெளியிலேயே ஒரு முழுப் படம் இருக்கிறது.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தைப் பயன்படுத்துங்கள். பத்து ரூபாய்க் கட்டணம், முப்பது நாளில் பதில். உங்கள் வாய்க்காலின் தலைப்பு மதகில் தினசரி பதிவான நீர் அளவு, கடந்த ஐந்தாண்டில் தூர்வார ஒதுக்கிய தொகை, எந்த இடத்திலிருந்து எந்த இடம் வரை வேலை நடந்தது என்ற மூன்றை மட்டும் கேளுங்கள். ஒரே மனுவில் இருபது கேள்விகள் அடுக்கினால் இருபதுக்கும் மழுப்பல் வரும். பதில் வந்ததும், தூர்வாரியதாகக் காகிதம் சொல்லும் இடத்தில் போய் நின்று கேமராவை ஓடவிடுங்கள். பின்னணிக் குரல் தேவையிருக்காது.

பிழைப்பு

முதல் ஐந்தாண்டு ஆவணப்படம் சோறு போடாது. இதை இனிப்பாகச் சொல்ல வழியில்லை. திருமண வீடியோ, கல்லூரி விழா, விதை நிறுவனங்களுக்கும் உழவர் உற்பத்தியாளர் நிறுவனங்களுக்கும் சிறு விளக்கப் படங்கள், தொண்டு நிறுவனங்களின் திட்டப் பதிவுகள், வெளியூர் படக்குழுக்களுக்கு உள்ளூர் ஒருங்கிணைப்பாளர் வேலை ஆகியவை கைகொடுக்கும். கடைசியாகச் சொன்னது நல்ல வரும்படி: சென்னை, டெல்லி, வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு வழியும் மொழியும் ஆட்களும் தேவை. ஆனால் உங்களை நம்பிப் பேசிய கிராமத்தை அவர்களிடம் ஒப்படைக்கும்போது யாரை ஒப்படைக்கிறீர்கள் என்று பார்த்துச் செய்யுங்கள். அவர்கள் போய்விடுவார்கள், பதில் சொல்ல நீங்கள்தான் அங்கே இருப்பீர்கள். ஒரு நிறுவனத்துக்குப் படமெடுத்தால், எடிட் செய்யாத காட்சிகளின் உரிமை யாருக்கு என்பதை ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். வெள்ளக் காலத்தில் எடுத்த காட்சி பத்தாண்டு கழித்தும் விலை போகும்.

நிதிக்கு விண்ணப்பிக்க, முழுப் படம் தேவையில்லை. ஐந்து நிமிட முன்னோட்டமும் இரண்டு பக்கக் குறிப்பும் போதும். ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவைச் சேர்ந்த பெர்த்தா நிதி போன்றவை நம் போன்ற நாட்டவர்களுக்கென்றே இருக்கின்றன. கொல்கத்தாவில் நடக்கும் டாக்எட்ஜ், மும்பை ஆவணப்பட விழாவோடு நடக்கும் சந்தை ஆகிய ஆவணப்படச் சந்தைகளில் வாங்குபவர்களை நேரில் சந்திக்கலாம். ஆங்கிலக் குறிப்பை எழுத நண்பரின் உதவி கேளுங்கள், ஆனால் நோட்டில் இருக்கும் விவரங்களைக் கைவிடாதீர்கள். "பருவநிலை மாற்றத்தால் பாதிக்கப்பட்ட விவசாயிகள்" என்று எழுதும் ஆயிரம் விண்ணப்பங்களுக்கு நடுவில், உங்கள் 'டி' வாய்க்காலின் உடைந்த மதகுப் பலகை தனியாகத் தெரியும்.

முடித்த பிறகு

நீளம் பற்றிக் கேட்பார்கள். தொலைக்காட்சிக்கு ஐம்பத்திரண்டு நிமிடம், விழாக்களின் குறும்படப் பிரிவுக்கு அரை மணிக்குள், ஊர்த் திரையிடலுக்கு நாற்பது நிமிடத்தைத் தாண்டாமல். அதற்கு மேல் போனால் கொசு எழுப்பிவிடும்.

1990இல் தொடங்கி இரண்டாண்டுக்கு ஒருமுறை நடக்கும் மும்பை விழா, திருவனந்தபுரத்தில் நடக்கும் கேரள ஆவணப்பட, குறும்பட விழா, மறுபக்கம் அமைப்பு 1998இல் மதுரையில் தொடங்கிய விழா, சுற்றுச்சூழல் படங்களுக்கென்றே உள்ள வாதாவரண், ஆல்ட் எஃப் ஆகியவற்றுக்கு அனுப்புங்கள். சில விழாக்கள் முதல் திரையிடல் தங்களுடையதாக இருக்க வேண்டும் என்று கேட்கும்; அதனால் அவசரப்பட்டு யூடியூபில் ஏற்றிவிடாதீர்கள். பொதுத் திரையிடலுக்கு 1952ஆம் ஆண்டுச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் தேவை. விழாக்கள் தங்கள் படங்களுக்குத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விலக்கு வாங்கிக்கொள்ளும். சான்றிதழுக்கு விண்ணப்பிக்கும்போது படத்தில் மாடு, ஆடு, பறவை வந்தால் விலங்கு நல வாரியத்தின் சான்றும் கேட்பார்கள். டெல்டாவில் மாடு வராத ஃபிரேம் எங்கே இருக்கிறது? அதனால் உழவுக் காட்சி எடுத்த தேதி, இடம், மாட்டின் உரிமையாளர் ஆகியவற்றை எடுக்கும்போதே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

ஊர்த் திரையிடலை விழாக்களுக்குப் பிறகு என்று தள்ளிப்போடாமல், எடிட்டிங் முடியும் தறுவாயில், படத்தில் இருப்பவர்களுக்கு மட்டும் ஒரு வீட்டுத் திண்ணையில் வைத்துக்கொள்ளுங்கள். புரொஜெக்டர் இல்லையென்றால் லேப்டாப்பே போதும். பேசாமல் ஓரமாக உட்கார்ந்து அவர்கள் எங்கே சிரிக்கிறார்கள், எங்கே ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்கிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். வயலின் பெயரைத் தவறாகப் போட்டிருந்தால், கீழ்மடைக்காரரை மேல்மடைக்காரர் என்று எழுதியிருந்தால் அங்கேயே சொல்லிவிடுவார்கள். சப்டைட்டிலை அதற்குப் பிறகு இறுதி செய்யுங்கள். லஸ்கரையும் அழையுங்கள், அவர் கேமரா முன் பேசியிருக்காவிட்டாலும். மதகு எந்தத் தேதியில் திறந்தது என்ற உங்கள் எழுத்தைச் சரிபார்க்க அவரிடம் டைரி இருக்கும்.